முதல்ல குடிங்க, மறுகா கதைப்பம்

மாமியை ஓரிடத்தில் உட்கார வைத்துப் படம் எடுப்பதற்குள் எங்களுக்குப் போதும் போதும் என்றாகிவிடும். கமராவை மூன்றுகாலில் பூட்டி, வெளிச்சம் பார்த்து, மைக்கை அவருடைய சேலைத் தலைப்பில் குத்தி, "தொடங்குவமா மாமி?" என்று கேட்டால், அந்த மைக்கோடேயே எழும்பிக் குசினிக்குள் போய்விடுவார். என் காதில் மாட்டியிருக்கும் கருவிக்குள் கேத்தல் மூடி திறக்கிற சத்தமும் சீனிப் போத்தலுக்குள் கரண்டி இடிபடுகிற சத்தமும் கேட்கும். பின்னால் குரல் வரும்: "முதல்ல குடிங்க, மறுகா கதைப்பம்."

கடும் நோயோடு வாழ்கிறவர்கள் தங்கள் கதையைத் தாங்களே சொல்லும் ஆவணப்படம் ஒன்றை அப்போது எடுத்துக்கொண்டிருந்தேன். மட்டக்களப்பு வாவியைச் சுற்றியுள்ள ஊர்களிலிருந்து நாலு பேர். படத்தில் வைத்தியர் பேசக்கூடாது, நானும் பேசக்கூடாது, சோக இசை கூடவே கூடாது. நோயாளி வாயால் வருவது மட்டும்தான். பெரிய கொள்கைக்காரி நான்! அந்த நாலு பேரில் ஒருவர் மாமி. புருசன் செத்துக் கனகாலம், பிள்ளைகள் இல்லை, தன்னாமுனையில் வாவிக்கரைப் பக்கம் தனியாக இருந்தார். இரண்டு சிறுநீரகமும் கைவிட்டுவிட்டன. வாரத்தில் இரண்டு நாள் ஆஸ்பத்திரிக்குப் போய் இயந்திரத்தில் இரத்தத்தைச் சுத்தம் செய்துகொண்டு வருவார். எனக்குச் சொந்தமோ பந்தமோ இல்லை. எங்கள் பக்கத்தில் வயதில் மூத்த பெண்ணை வேறு எப்படிக் கூப்பிடுவது? பெயரை இங்கே எழுதப்போவதில்லை. படத்திலும் தன் பெயரைப் போட வேண்டாம் என்றுதான் சொன்னார்.

சிறுநீரக வருத்தக்காரருக்குத் தண்ணீர்தான் முதல் எதிரி. ஒரு நாளைக்கு இவ்வளவுதான் என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிடுவார்கள். மாமி அதைக் காலையிலேயே ஒரு சின்னப் போத்தலில் நிரப்பி அலுமாரிக்கு மேல் வைத்துவிடுவார். மாத்திரை விழுங்கவும் அதுதான், நாக்கு ஒட்டிக்கொண்டால் நனைக்கவும் அதுதான். வைகாசி வெயிலில் வாவிக்கரை மணல் கொதிக்கும்போதும் அதுதான். அப்படிப்பட்ட மனுசி, வருகிறவர் போகிறவர் எல்லாருக்கும் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்துவிட்டு எதிரே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பார். கிளாஸ் உதட்டுக்குப் போவதையும் தொண்டை அசைவதையும் கண் வெட்டாமல் பார்ப்பார். முதல் நாள் எனக்கு ஒரு வாய்கூட இறங்கவில்லை.

"நீங்க குடிக்காம நாங்க மட்டும் எப்பிடி மாமி?" என்றேன்.

"நீங்க குடிக்கிறதப் பாத்தா எனக்குத் தாகம் அடங்குது புள்ள. மிச்சம் வெக்காமக் குடி."

அது உண்மையா, எங்களுக்காகச் சொன்னதா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. மாமி சொன்ன பாதி விசயங்கள் அப்படித்தான். யாருக்கு எவ்வளவு சீனி என்பதை ஒருமுறை கேட்டால் போதும், பிறகு மறக்கமாட்டார். எனக்கு ஒன்றரைக் கரண்டி, கமராக்கார அண்ணனுக்கு மூன்று. வீட்டுக்கு வந்த மின்சார மீற்றர் பார்க்கிறவருக்குக்கூட ஒரு கணக்கு இருந்தது. நோயாளி வீடாயிற்றே என்று ஊர்ச்சனம் வாழைப்பழமும் தோடம்பழமும் இளநீரும் கொண்டுவரும். எல்லாமே அவர் வாயில் வைக்கக்கூடாதவை. அதைச் சொல்லி ஒருவர் மனத்தையும் நோகடிக்கமாட்டார். இரண்டு கையாலும் வாங்கி வைத்து, அடுத்து வருகிறவருக்குக் கொடுத்தனுப்பிவிடுவார். ஒருமுறை நாங்கள் கொண்டுபோன தோடம்பழப் பையே முடிச்சு அவிழாமல், நாங்கள் புறப்படும்போது கமராக்கார அண்ணன் கைக்குத் திரும்பி வந்தது. அவர் அதைத் தெரியாமல் வாங்கிக்கொண்டு, "நல்ல மனுசி" என்று வழி முழுக்கப் புகழ்ந்துகொண்டு வந்தார்.

அந்த அண்ணன் கலியாண வீடு எடுத்துப் பழகிய கை. உப்பு விசயத்தில் மாமியிடம் வசமாக மாட்டியதும் அவர்தான். மாமிக்கு உப்பும் கூடாது என்பதால் கறியை ருசி பார்க்காமலே ஆக்குவார். அன்று எங்களுக்கு மத்தியானச் சோறு, இறால் கறி. பார்க்க அருமையாக இருந்தது. வாயில் வைத்தால் உப்பு என்ற பேச்சே இல்லை.

"உப்புக் காணுமா மனே? போதுமா?"

"காணும் மாமி, சோக்கா இரிக்கி" என்றார் அண்ணன், அடுத்த கவளத்தை உருட்டிக்கொண்டே.

மாமி அவர் முகத்தை ஒரு கணம் பார்த்தார். எழும்பிப் போய் உப்புச் சிரட்டையைக் கொண்டுவந்து அவர் பீங்கான் பக்கத்தில் வைத்தார்.

"எனக்கிட்டயா பொய் சொல்லுறாய்? ஆக்கள்ட முகத்தப் பாத்தே நான் அரை வாழ்க்கை கழிச்சிட்டன்."

இப்படிப்பட்டவரிடம் போய், "இந்த வருத்தம் என்று தெரிந்த நாளில் உங்கள் மனம் எப்படி இருந்தது?" என்று கேட்டால் என்ன வரும்? அதைத்தான் நான் கேட்டேன். படத்தில் அந்தப் பதில் இருக்கிறது. சனம் சிரிக்கிற இடம் அது.

"என்ட மனத்த விடு. அந்த டொக்டர்ட முகத்தப் பாக்கேலாமப் போயிட்டு. சின்னப் பொடியன். எப்பிடிச் சொல்லுற என்டு தெரியாம முழிச்சிக்கிட்டு இரிக்கான். 'சரி மனே, எனக்கு விளங்கிட்டு, நீ பயப்புடாத' என்டு நான்தான் சொன்ன. மத்தியானம் சாப்பிட்டியா என்டும் கேட்டன். சாப்பிடல்லையாம்."

நோய்ப் படம் எடுக்கப் போன இடத்தில் உபசாரப் படம் எடுத்துக்கொண்டிருந்தேன். எனக்குக் கோபம் கோபமாக வந்தது. வீட்டுக்கு வந்து எடுத்ததைப் போட்டுப் பார்த்தால் எல்லாவற்றிலும் மாமி நிற்கிறார், ஊற்றுகிறார், சிரிக்கிறார். போதாக்குறைக்கு அண்ணன் தன் கலியாண வீட்டுப் பழக்கத்தில் யன்னல் வெளிச்சத்தில் அவரைத் திருப்பி நிறுத்தி, முகத்தில் ஒரு சுருக்கம் தெரியாமல் எடுத்துவைத்திருந்தார். நாங்களும் லேசுப்பட்டவர்கள் இல்லை. ஒரு நாளும் சொல்லாமல் போனதில்லை. வருத்தக்காரர் வீடு, திடீரென்று போய் நிற்பது மரியாதை இல்லை என்று முந்தின நாளே ரெலிபோன் பண்ணிவிடுவோம். அவரும் விடியவே எழும்பிக் குளித்து, முகத்துக்குப் பவுடர் போட்டு, முற்றம் கூட்டி வைத்துவிடுவார். ஊசி ஏறி ஏறிப் புடைத்துப்போன இடது கையை நீளக்கைச் சட்டை மூடியிருக்கும்.

அந்தச் சட்டையை அவர் தவறாமல் போடுவது தம்பி வருகிற ஞாயிற்றுக்கிழமைகளில். தம்பி ஒருவர்தான் அவருக்குக் கூடப்பிறந்தவர். தாய் போன பிறகு அந்தப் பொடியனை மாமிதான் வளர்த்து, களுவாஞ்சிக்குடியில் நல்ல வீடாகப் பார்த்துக் கலியாணம் கட்டிக் கொடுத்தார். எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்கு, கலியாணம் கட்டினால் ஆண்தான் பெண் வீட்டுக்குப் போவான். மனைவியின் வயல் வட்டையில் வேளாண்மை செய்துகொண்டு, இரண்டு சின்னப் பிள்ளைகளோடு இருந்தார் தம்பி. மோட்டார் சைக்கிளில் அரிசியும் மீனும் கட்டிக்கொண்டு வருவார். அதிகம் பேசமாட்டார். வாசலில் நின்று அக்காவின் முகத்தைத்தான் முதலில் பார்ப்பார். பயந்த பார்வை அது.

"எப்பிடி அக்கா?"

"எனக்கென்ன, ராசாத்தி மாதிரி இரிக்கன். நீ ஏன்டா இப்பிடி மெலிஞ்சிட்டாய்? இரி, குடிச்சிட்டுக் கதை."

அவர் முகம் தெளிந்துவிடும். அந்த முகம் தெளிவதைப் பார்க்கத்தான் மாமி விடியவே எழும்புகிறார் என்பது எனக்குப் பிறகுதான் விளங்கியது.

மாரி தொடங்கிய நேரம். வாவியில் மழை விழுவதைப் படத்தின் இடையில் போட வேண்டும் என்று சின்னக் கமராவோடு நான் தனியாகப் போயிருந்தேன். மழை பிடித்துக்கொண்டது. ஒதுங்க மாமி வீடுதான் கிட்ட. அன்றைக்குத்தான் முதல்முறை சொல்லாமல் போனேன்.

கதவு திறந்துகிடந்தது. கூப்பிட்டேன், பதில் இல்லை. குசினிக்குள் எட்டிப் பார்த்தால் மாமி வெறும் சீமெந்துத் தரையில் கன்னத்தை வைத்துப் படுத்திருக்கிறார். பக்கத்தில் சத்தி எடுத்த வாளி, வாந்தி மணம். தலை வாரவில்லை, பவுடர் இல்லை. கால் இரண்டும் வீங்கி மினுங்கின. பக்கத்தில் குந்தினேன். கண்ணைத் திறந்து என்னைக் கண்டதும் ஒரு கையை ஊன்றி எழும்பப் பார்த்தார்.

"கேத்தல வெக்கல்ல புள்ள..."

"ஐயோ மாமி, படுங்க!"

கமரா என் மடியில் இருந்தது. "எடுக்கட்டா மாமி?" என்று கேட்டேன். தலையை அசைத்தார். ஓடவிட்டேன். தகரக் கூரையில் மழை அடித்துக்கொண்டிருந்தது.

"ஏலாமப் போகுது" என்றார். அவர் வாயில் அந்தச் சொல்லை நான் அதுவரை கேட்டதில்லை.

"டொக்டர் என்ன சொல்லுறார்?"

"கிட்னி மாத்தினா நல்லமாம். கூடப்பிறந்த ஆக்கள் தந்தாப் பொருந்துமாம், கேளுங்க என்டு ஒவ்வொரு முறையும் சொல்லுறார். எனக்கு ஆரு இரிக்கா? அவன் ஒருத்தன்."

"அவரிட்டக் கேக்கலாமே மாமி!"

மாமி கன்னத்தைத் தரையில் திருப்பி வைத்தார். நித்திரையாகிவிட்டார் என்று நினைத்தேன்.

"கேட்டாத் தருவான். ஒரு சொல்லுக் கேட்டாப் போதும், மறுபேச்சுப் பேசமாட்டான். அதாலதான் கேக்கல்ல." கண்ணை மூடிக்கொண்டே சொன்னார். "கட்டிக் குடுத்த பொடியன்கா அவன். அந்த வீட்டுக்கு உழைக்கிற உடம்பு. ரெண்டு சின்னப் புள்ளையள். குடுத்திட்டு மறுகா போய் அவன்ட உடம்பில ஒரு துண்டத் தாங்க என்டு கேக்கிறதா?"

"உங்களுக்குப் பயமா இல்லையா மாமி?"

"பயம்தான்" என்றார். "ஆருக்குத்தான் சாகப் பயமில்ல."

அடுத்த நாள் காலையே ரெலிபோன் வந்தது. "நேத்து எடுத்ததக் கொண்டு வா." போனேன். குளித்து, பவுடர் போட்டு, நீளக்கைச் சட்டையோடு வாசலில் நின்றார். தேத்தண்ணி தயாராக இருந்தது.

"முதல்ல குடி." குடித்தேன். கிளாஸைக் கீழே வைத்ததும், "இப்ப அத அழி" என்றார்.

நான் மாட்டேன் என்றேன். சண்டை பிடித்தேன். "இவ்வளவு நாளும் எடுத்ததில இது ஒண்டுதான் மாமி படம். மத்ததெல்லாம் வெறும் தேத்தண்ணி!" என்று கத்திவிட்டேன்.

"ஏன், தேத்தண்ணி நல்லாத்தானே இரிந்த?" என்று சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுச் சொன்னார். "என்ட கதைய நானே சொல்லணும் என்டு நீதானே சட்டம் போட்ட? இது நான் சொன்ன கதை இல்ல. ஏலாத நேரத்தில வாய் சொன்னது. தம்பி இதப் பாத்தா அண்டைக்கே வந்து நிப்பான். நான் இரிக்குமட்டும் அவன்ட நீ வாய் திறக்கப்படா. சத்தியம் பண்ணு."

என் கொள்கையை எடுத்து எனக்கே திருப்பித் தந்துவிட்டார். சத்தியம் பண்ணிவிட்டுக் கமராவைத் திறந்தேன். மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பக்கத்தில் வந்து உட்கார்ந்து, அழிகிறதைப் பார்த்தார். "போயிட்டா?" என்றார். "போயிட்டு" என்றேன். "வேற பிரதி ஒண்டும் இல்லையே?" "இல்ல." என் முகத்தைப் பார்த்தார். உண்மைதான் என்று கண்டுகொண்டார்.

படத்தை மட்டக்களப்பில் ஒரு மண்டபத்தில் காட்டினோம். மாமி முன்வரிசையில் இருந்தார். டொக்டர் சாப்பிடாத கதைக்குச் சனம் சிரித்தது. அந்தச் சின்னத் தண்ணிப் போத்தலுக்குப் பல பேர் அழுதார்கள். படம் முடிந்து ஒரு பெண் எழும்பி, "உங்களுக்குப் பயம் இல்லையா அம்மா?" என்று கேட்டார். "நான் பயந்து படுத்தா ஆரு புள்ள தேத்தண்ணி ஊத்துற?" என்றார் மாமி. கைதட்டல் அடங்க நேரம் எடுத்தது. நான் மட்டும் கைதட்டவில்லை.

தம்பி மனைவி பிள்ளைகளோடு வந்திருந்தார். கூட்டம் கலையும்போது என்னிடம் வந்து என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். கண் கலங்கியிருந்தது.

"நான் சரியாப் பயந்துபோய் இரிந்தன் தங்கச்சி. இதப் பாத்தாப் பொறகுதான் மனம் ஆறின. அக்கா நல்லா இரிக்கா என்ன?"

அவர் தோளுக்கு மேலால் மாமி என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். கெஞ்சுகிற பார்வை. அந்த மனுசி ஒருவரிடம் ஒன்றைக் கேட்டதை நான் கண்டது அந்த ஒரு தரம்தான். "ஓம், நல்லா இரிக்கா" என்றேன். அந்த 'ஓம்' இன்னும் என் நாக்கில் கசக்கிறது. திரும்ப அந்த இடத்தில் கொண்டுபோய் நிறுத்தினாலும் வேறு எதைச் சொல்லியிருப்பேன் என்று தெரியவில்லை.

அடுத்த மாரியைத் தாண்டவில்லை மாமி. நெஞ்சில் நீர் கட்டி, இரண்டே நாளில் முடிந்துவிட்டது. செத்த வீட்டில் அயல் பெண்கள் பெரிய கேத்தலில் தேத்தண்ணி கொண்டுவந்து எல்லாருக்கும் ஒரே மாதிரி ஊற்றினார்கள். எனக்கு வந்ததில் சீனி கூடிப்போயிருந்தது. அதைக் கையில் வைத்துக்கொண்டு நான் அழுத அழுகை எனக்கே புதிது.

சில வாரம் போய், ஒரு பின்னேரம் தம்பி என் வீட்டு வாசலில் வந்து நின்றார். தாடி வளர்ந்திருந்தது. நான் கதிரையைக் காட்டிவிட்டுக் குசினிக்கு ஓடினேன். அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டு நிற்க எனக்குத் தெம்பில்லை, அதுதான் உண்மை. அவசர அவசரமாக ஊற்றிக் கொண்டுவந்து கொடுத்தேன். அவர் ஏதோ சொல்ல வாய் திறந்தார்.

"முதல்ல குடிங்க, மறுகா கதைப்பம்" என்றேன்.

இரண்டு பேரும் திடுக்கிட்டுப் போனோம். அவர் தலையைக் குனிந்துகொண்டு ஒரு வாய் குடித்தார்.

"செத்த வீட்டில அக்காவோட ஆஸ்பத்திரிக்குப் போற ஒரு ஆள் சொன்ன" என்று தொடங்கினார். "தம்பிட்டக் கேளுங்க என்டு டொக்டர் எத்தினையோ தரம் சொல்லியிரிக்காராம். அக்கா எனக்கிட்ட ஒரு சொல்லுக் கேக்கல்லையே தங்கச்சி! நான் தரமாட்டன் என்டு நினைச்சிட்டா. ஒருக்கா வருசப் பிறப்புக்கு வாடா என்டு கூப்பிட்டா, வயல் வேலை என்டு நான் போகல்ல. அதுக்கே வராதவன் இதுக்கு வருவானா என்டு நினைச்சிருப்பா."

அவர் அழவில்லை. அழுதிருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

"படத்தில போடாத துண்டு ஏதும் இரிக்கா? அக்கா என்னப் பத்தி ஏதும் சொன்னாவா?"

மாமி இருக்கும்வரைதான் என் வாய்க்குப் பூட்டு. இப்போது சொல்லலாம். சொன்னேன். மழை, குசினித் தரை, டொக்டர் சொன்னது, எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் சொன்னேன். "கேட்டாத் தருவான், மறுபேச்சுப் பேசமாட்டான், அதாலதான் கேக்கல்ல என்டு சொன்னா. இந்தச் சொல்லுத்தான், ஒரு எழுத்தும் மாறல்ல" என்றேன்.

அவர் நிமிர்ந்தார். முகத்தில் ஒரு வெளிச்சம் வந்தது. "அத எடுத்தீங்களா? காட்டுங்க!"

"எடுத்தன். அழிக்கச் சொன்னா. அவக்கு முன்னாலயே அழிச்சிட்டன்."

அந்த வெளிச்சம் போய்விட்டது. மெல்லச் சிரித்தார். மாமி சிரிக்கிற அதே மாதிரி.

"நீங்க நல்ல மனத்தோட சொல்லுறீங்க தங்கச்சி. அக்காவும் இப்பிடித்தான். ஆக்கள் மனம் நோகாம, ஆருக்கு எது வேணுமோ அதச் சொல்லுவா. அவவோட திரிஞ்சி உங்களுக்கும் பழகிட்டு."

"சத்தியமாச் சொல்லுறன் அண்ணன்! என்ட தலையில அடிச்சிச் சொல்லுறன்!"

"ஓம், ஓம்" என்றார், குழந்தையைத் தேற்றுகிறவர் போல. கமராக்கார அண்ணன் அந்த மழை நாளில் கூட வந்திருந்தால் ஒரு சாட்சியாவது இருந்திருக்கும். எடுத்து மிச்சமிருந்த துண்டுகளையெல்லாம் போட்டுக் காட்டினேன். எல்லாவற்றிலும் அக்கா நிற்கிறார், ஊற்றுகிறார், சிரிக்கிறார். தனக்கென்று ஒன்றையும் கேட்கவில்லை. அவர் பார்த்துக்கொண்டே தேத்தண்ணியைக் குடித்தார். எனக்கும் அவர் குடிப்பதைப் பார்த்துக்கொண்டிருப்பதைத் தவிர வேறு ஒன்றும் செய்ய முடியவில்லை.

"சீனி காணுமா?" என்று கேட்டேன், எதையாவது பேச வேண்டுமே என்று.

"காணும். நல்லா இரிக்கி."

குடித்து முடித்துக் கிளாஸைத் தானே கொண்டுபோய்க் கழுவிக் கவிழ்த்து வைத்தார். "வாறன் தங்கச்சி" என்று சொல்லிவிட்டுப் போனார். மோட்டார் சைக்கிள் சத்தம் தேயும்வரை வாசலில் நின்றேன். தொண்டை காய்ந்திருந்தது. உள்ளே வந்து, மிச்சமிருந்ததை எனக்கு ஊற்றி ஒரு வாய் குடித்தேன். வெறும் கசப்பு. சீனி போட மறந்திருக்கிறேன். அதை அந்த மனிதர் ஒரு மறுபேச்சும் பேசாமல், கடைசிச் சொட்டுவரை குடித்துவிட்டுப் போயிருக்கிறார்.